மடிக்காதீர்கள்

ஒரு எக்ஸ்ரே அறையில், கதிர்வீச்சைத் தடுக்கும் ஈய அங்கி ஒன்று இருந்தது. உடம்பும் கனம், தலையும் கனம். சுவர்க் கொக்கியில் பழைய சட்டை மாதிரி தொங்குவதா என்று, மாட்டியதும் வேண்டுமென்றே நழுவி விழும். எக்ஸ்ரே எடுக்கும் பவுலின் அலுத்துப்போய், அதைப் பட்டுப்புடவைபோல நாலாய் மடித்து அலமாரியில் வைத்துவிடுவாள். அப்போதுதான் அங்கிக்கு மனசு நிறையும்.

"அண்ணே, எனக்கு மேலே 'மடிக்காதீர்கள்'னு எழுதி ஒட்டியிருக்கு" என்றது கொக்கி.

"அது மத்தவங்களுக்கு எழுதினது" என்றது அங்கி.

ஒருநாள் பவுலின், பழுது ஏதும் இருக்கிறதா என்று பார்க்க, அந்த அங்கியையே மேஜையில் கிடத்திப் படம் எடுத்தாள். இத்தனை காலமும் அடுத்தவர் எலும்பைப் பார்த்துச் சிரித்த அங்கி, ஒய்யாரமாகப் படுத்துக்கொண்டது. படத்தில் மடிப்புக்கு மடிப்பு ஈயம் விரிசல் விட்டிருந்தது.

"நேத்துகூட, அழுத குழந்தையைப் பிடிச்சுக்கிட்ட அம்மாவுக்கு இதைத்தானே மாட்டிவிட்டேன்!" பவுலின் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டாள்.

அங்கிக்கு அந்த அம்மாவின் முகம் ஞாபகம் வந்தது. 'என்னை நம்பி எவ்வளவு தைரியமா நின்னா! நானும் பெரிய சூரன் மாதிரி விறைச்சுக்கிட்டு நின்னேனே, சல்லடைப் பய!' என்று தன்னையே திட்டிக்கொண்டது.

மறுநாள் புது அங்கி வந்தது. கொக்கியில் மாட்டியதும் சர்ரென்று நழுவி விழுந்தது.

"தம்பி, ஒழுங்காத் தொங்கு! மேலே எழுதியிருக்கிறதைப் படி!" மூலையில் கிடந்த பழைய அங்கி பதறியது.

புது அங்கி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"அது உங்களுக்கு எழுதினது, பெருசு."