மாநாட்டுக்கு ஒரு போட்டோ

"ஊட்டுங்க வேலாயுதம்! வாயத் தொறந்துனு எவ்ளோ நேரம் நிப்பாரு அவரு?"

ஜெயசீலன் கத்தியே விட்டான்.

வேலாயுதத்தின் கையில் ஒரு கவளம் பிரியாணி. எதிரில் நசீர் அகமது வாயைத் திறந்தபடி நிற்கிறார். கேமராக்காரன் ஒரு கண்ணை மூடித் தயாராக இருக்கிறான்.

கை மட்டும் நகரவே இல்லை.

ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனி. ஜெயசீலன் அங்கே ஹெச்.ஆர். இவர்களிடம் ஷூ வாங்குகிற ஐரோப்பாக்காரர்கள் ஏதோ மாநாடு நடத்துகிறார்களாம். 'மதங்களும் உலக அமைதியும்.' பல நாட்டு மந்திரிகள் வருவார்களாம். மேடைக்குப் பின்னால் சுவர் உயரத்துக்கு ஒரு படம் வேண்டும். ஒரு இந்து, ஒரு முஸ்லிமுக்குச் சோறு ஊட்டுகிற மாதிரி. அதை எடுக்கத்தான் எல்சா என்கிற அம்மா கேமராக்காரனோடு விமானம் ஏறி வந்திருக்கிறார்.

ஆளைப் பிடித்துக் கொடுத்தது ஜெயசீலன். பல வருஷமாக ஒரே பெஞ்சில் உட்கார்ந்து ஷூ தைக்கிற ரெண்டு பேர். இதைவிடப் பொருத்தமாக எவன் கிடைப்பான் என்று நினைத்தான். இப்போது அந்தப் பொருத்தம் சந்தி சிரிக்கிறது.

"மாட்டுக்கறியோன்னு பாக்கறீங்களா? மட்டன்தான்யா. நானே நின்னு வாங்கியாந்தேன்."

"அது இல்ல சார்."

"பின்ன இன்னா? அவரு எச்சில் பட்டா கை அவிஞ்சிடுமா?"

வேலாயுதம் கவளத்தைத் தட்டிலேயே போட்டுவிட்டார்.

"சார், இவரு ஆவ மாட்டாரு" என்று பின் பெஞ்சிலிருந்து தொழிலாளி தனகோடி குரல் விட்டான். "நீங்க சிலுவைய எடுத்து வெளிய விட்டுக்கினு நடுவுல நில்லுங்க. மூணு மதமும் செட் ஆயிடும்."

ஷெட்டே சிரித்தது.

நசீர்தான் சமாளிக்கப் பார்த்தார். "பரவால்ல சார். தட்ட குடு வேலு, நானே சாப்ட்டுக்கறேன். அத போட்டோ புடிச்சிக்கட்டும்" என்று கையை நீட்டினார்.

வேலாயுதம் தட்டை வெடுக்கென்று இழுத்து முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டார்.

சிரிப்பு நின்றுவிட்டது.

எல்சா மெதுவாக இங்கிலீஷில் கேட்டார். "இவருடைய மதத்தில் இதற்குத் தடையா?"

அதுவரை ஓரமாக நின்றிருந்த ஓனர் வக்கார் அகமது ஜெயசீலன் பக்கத்தில் வந்தார். குரலே உயர்த்தவில்லை.

"தனியா கூட்டினு போயி இன்னான்னு கேளு. மன்னிப்பு கேட்டுட்டு ஊட்டணும். இல்ல, நாளையிலேர்ந்து கம்பெனி கேட்டுக்கு இந்தப் பக்கம் வரக்கூடாது. என் கம்பெனில இந்தப் புத்தி வேணாம்."

தோல் அடுக்கியிருந்த மறைவுக்கு வேலாயுதத்தை இழுத்துக்கொண்டு போனான் ஜெயசீலன்.

"எத்தினி வருஷ தோஸ்த்துய்யா நீங்க! மனசுல இவ்ளோ விஷமா? உன்னப் போயி நிக்க வெச்சேன் பாரு."

"அவன் நோன்பு சார்."

"யாருக்குக் காது குத்தற? ரம்ஜான் முடிஞ்சி எவ்ளோ நாளாச்சி!"

"அந்த நோன்பு இல்ல சார். என் சம்சாரம் அம்பிகா வேலூர் ஆஸ்பத்திரில படுத்துனுகீதே, நாளைக்கி ஆபரேஷன். அது பொழைக்கணும்னு நேந்துனு இருக்கறான். அட்மிட் பண்ண நாள்லேர்ந்து பகல்ல பச்சத் தண்ணி குடிக்கல. கேட்டா வயிறு சரியில்லன்றான். அவன் சம்சாரம் அஜீஸுன்னிசா எம்பொண்ணுகிட்ட வாய் தவறிச் சொல்லிடுச்சி."

ஜெயசீலன் மறைவிலிருந்து எட்டி நசீரைப் பார்த்தான்.

"அப்ப அவரு எதுக்கு வாயத் தொறந்தாரு?"

"ஓனர் நிக்கறாரு, வெளிநாட்டு ஆளுங்க நிக்கறாங்க. மாட்டேன்னா எனக்கு அசிங்கமாயிடும்னு தொறந்துட்டான். எனக்காக எதையும் விட்டுக் குடுப்பான் சார் அவன். அந்த நோன்ப நான் எங்கையால கலைக்கவா?"

"அங்கயே சொல்லித் தொலைக்க வேண்டியதுதான?"

"எனக்குத் தெரியும்ன்றதே அவனுக்குத் தெரியாது. அது அவனுக்கும் அல்லாவுக்கும் நடுவுல இருக்கறது. செவுத்துல மாட்டறதுக்கா வெச்சான்? என் வேல போனா போவட்டும் சார்."

ரெண்டு பேரும் திரும்பி வந்தார்கள். எல்சா செல்போனில் ரெக்கார்டரைத் தட்டி நீட்டினார். இந்த ஆள் ஏன் மறுத்தார் என்பதும் மாநாட்டுக்கு முக்கியமாம்.

"அவரு இன்னா சொன்னாரோ, ஒரு வார்த்த விடாம மேடத்துக்கு இங்கிலீஷ்ல சொல்லு" என்றார் வக்கார் அகமது.

சொன்னால் போதும். அந்த அம்மா அங்கேயே அழுதுவிடுவார். மாநாடே எழுந்து நின்று கை தட்டும். வேலாயுதத்தின் வேலையும் பிழைக்கும், ஜெயசீலனுக்கும் நல்ல பேர்.

நசீர் ரெண்டடி தள்ளி, காய்ந்த உதட்டைத் துண்டால் துடைத்துக்கொண்டு இவன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். ஷூ கம்பெனி இங்கிலீஷ் அவருக்கும் புரியும்.

"தப்பு என்னோடது மேடம். போட்டோவுக்கு நிற்க மாட்டேன் என்று வேலாயுதம் முன்பே சொன்னார். நான்தான் கட்டாயப்படுத்தி நிற்க வைத்தேன்" என்று இங்கிலீஷில் சொன்னான் ஜெயசீலன். பிறகு ஓனர் பக்கம் திரும்பி, "வெளிய அனுப்பணும்னா என்னைய அனுப்புங்க சார்" என்றான்.

வேலாயுதம் சொன்னதில் ஒரு வார்த்தையைக்கூட அவன் மொழிபெயர்க்கவில்லை.