வாபஸ் வாங்காத வழக்கு

"கேஸ வாபஸ் வாங்கிடு தமிழு. உனக்குத்தான் தாலுகா ஆபீஸ்ல வேலை கெடச்சிடுச்சே!"

திருவாலங்காடு ஸ்டேஷனில் ஐகோர்ட்டுக்குப் போக ரயிலுக்கு நிற்கும்போதும் குப்புராஜ் விடவில்லை. மகள் தமிழ்செல்வி ரயில் வருகிறதா என்று எட்டிப் பார்த்தாள்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் கூட்டுறவு வங்கியில் ஒரே ஒரு உதவியாளர் வேலைக்கு நடந்த எழுத்துத் தேர்வில் அவள்தான் முதல் மார்க். இண்டர்வியூவில் பதினைந்துக்கு இரண்டு போட்டு வெளியே தள்ளினார்கள். எழுத்தில் அவளைவிடப் பதினோரு மார்க் குறைந்த ஒரு பையனுக்குப் பதினைந்துக்குப் பதினைந்து! அவன் வேலையிலும் உட்கார்ந்துவிட்டான்.

அவள் கேஸ் போட்டபோது குப்புராஜும் கூடவேதான் நின்றார். ஆனால் போன வருஷம் வேறு பரீட்சை எழுதி, பள்ளிப்பட்டு தாலுகா ஆபீஸில் சேர்ந்த பிறகும் அவள் கேஸை விடாததுதான் அவருக்குப் பிடிபடவில்லை.

நேற்று அந்தப் பையனின் மாமா வசந்தகுமார் வயலுக்கே வந்துவிட்டார்.

"அவனுக்கு இப்பத்தான் கொழந்த பொறந்துகீது அண்ணே. உம் பொண்ணு சம்பளம் வாங்கிக்கினு சொகமாத்தான கீது? தானும் துன்னாம, அடுத்தவனையும் துன்ன வுடாம... இன்னா மனசுண்ணே அது?"

நாற்று நட்டுக்கொண்டிருந்த பெண்கள் அத்தனை பேரும் நிமிர்ந்து பார்த்தார்கள். குப்புராஜ் கூனிக் குறுகிப் போனார்.

கோர்ட்டில் நீதிபதியும் அதையேதான் கேட்டார்.

"மனுதாரர் வேறு வேலையில் இருக்கிறாரே. இன்னும் எதற்கு இந்த வழக்கு?"

வக்கீல் சடகோபன் ஒரு தாளை நீட்டினார். படித்த நீதிபதி, கண்ணாடிக்கு மேலாகத் தமிழ்செல்வியை ஒரு தரம் பார்த்தார். பிறகு மளமளவென்று உத்தரவைச் சொல்ல ஆரம்பித்தார்.

வெளியே வந்ததும் சடகோபன் சிரித்தார். "ஜெயிச்சாச்சு! அந்த நியமனம் செல்லாது. எழுத்து மார்க் வரிசைப்படி நாலு வாரத்துல ஆள் எடுக்கணும்."

குப்புராஜுக்குச் சந்தோஷம் வரவில்லை.

"அப்போ இந்த வேலைய வுட்டுட்டு பேங்குக்குப் போவப் போறியா?"

"இல்லப்பா."

"பின்ன இன்னாத்துக்கு அந்தப் பையன் பொழப்புல மண்ண அள்ளிப் போட்ட? வீம்பா?"

அவள் வாய் திறப்பதற்குள், கும்மிடிப்பூண்டி ஃபேக்டரி யூனிஃபார்மில் ஒரு பெண் மூச்சிரைக்க ஓடி வந்தாள்.

"வக்கீல் சார்! நான்தான் சந்திரகலா. காலைல போன் பண்ணீங்களே... ஷிப்டு முடிஞ்சி நேரா வரேன். எழுத்துல ரெண்டாவது மார்க் நாந்தான் சார். கேஸ் போட வழியில்லாம மனசு வுட்டுட்டேன். ஃபர்ஸ்ட் வந்தவங்க 'எனக்கு வேணாம், அடுத்த ஆளுக்குக் குடுங்க'ன்னு கோர்ட்ல எழுதிக் குடுக்கப் போறாங்கன்னு சொன்னீங்களே, யாரு சார் அவங்க?"

சடகோபன் தமிழ்செல்வியைக் காட்டினார்.

தமிழ்செல்வி அப்பாவின் கையைப் பிடித்தாள்.

"நான் வாபஸ் வாங்கியிருந்தா இவங்களுக்கும் வழி அடைஞ்சிருக்கும்பா. இவங்க இனிமே புதுசா கேஸ் போட முடியாது, நாள் தாண்டிடுச்சி."

"பெத்தவங்கிட்ட ஒரு வார்த்த சொல்லக்கூடாதா?"

"உன் வெள்ள மனசுக்கு வசந்தகுமார் மாமாகிட்ட ஒளறி வச்சிருப்ப. மறுநாளே அவரு இவங்க ஊட்டு வாசல்ல போய் நின்னிருப்பாரு."

கண்ணைத் துடைத்துக்கொண்ட சந்திரகலா குப்புராஜ் பக்கம் திரும்பினாள். "ஐயா, நீங்க?"

ஐகோர்ட் வராந்தா என்பதையும் மறந்து, நாலு வக்கீல்கள் திரும்பிப் பார்க்கும்படி அவர் சொன்னார்:

"இவளப் பெத்தவன்மா நானு!"