முதலை வரும் இடம்

"இன்னும் கொஞ்சம் சத்தமா வைங்க தம்பி" என்றார் அகதா. தொலைக்காட்சிப் பெட்டியின் ஸ்பீக்கரை ஒட்டிக் காதை வைத்திருந்தார்.

சன்னாசி சத்தத்தைக் கூட்டினார். அக்காவுக்குக் காது மந்தமாகிவிட்டது போலும் என்று நினைத்துக்கொண்டார். மலேசியாவின் ஈப்போ நகரில், புந்தோங்கில் இருந்த அவருடைய வீடியோ கடைக்கு, டேப்பைவிடத் தெளிவாகப் படம் காட்டும் லேசர் டிஸ்க் வந்து ஒரு மாதம்தான் ஆகியிருந்தது.

போன வாரம் அகதா ஒரு டேப்பைக் கொண்டுவந்து கொடுத்திருந்தார். காட்டுக்குள் புதையல் தேடிப் போகிற ஆங்கிலப் படம். ஈப்போ தியேட்டர் ஒன்றில் ஆட்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே யாரோ கேமராவை ஒளித்துவைத்து எடுத்தது.

"டேப்புல புடிச்ச பூஞ்சய மட்டும் தொடச்சுக் குடுங்க. வேற ஒண்ணும் செய்ய வேணாம்" என்று இரண்டு தடவை சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

சன்னாசிக்கு மனசு கேட்கவில்லை. கணவர் இறந்தபின் தனியாக இருப்பவர், படத்தையாவது நன்றாகப் பார்க்கட்டுமே. அதே படம் டிஸ்க்கில் இருந்தது. பூஞ்சையைத் துடைத்துவிட்டு, அந்த டேப்பின் மேலேயே புதிதாகப் பதிந்துவிட்டார்.

"பாருங்கக்கா, எல ஒவ்வொண்ணும் தனியாத் தெரியுதுலா. முன்ன எவன் தலையோ பாதிப் படத்த மறைக்கும். காசு குடுத்து அவன் மண்டையத்தான் பாத்துக்கிட்டு இருந்தோம்."

அகதா சிரிக்கவில்லை. "முதல வர்ற எடத்தப் போடுங்க."

டேப்பை ஓட்டிப் போட்டார். கதாநாயகன் ஆற்றில் நீந்தினான். அவனுக்குப் பின்னால் முதலை தலையைத் தூக்கியது. தண்ணீர் சலசலப்பது பக்கத்தில் கேட்பதுபோல் கேட்டது.

"இந்த எடத்துல ஒரு சத்தம் வருமே தம்பி."

"எது, 'டேய், பின்னால பாருடா'ன்னு ஒருத்தன் கத்துவானே, அதுவா? ஹாலே சிரிக்கும்." சன்னாசி பெருமையாகச் சொன்னார். "அந்தக் கிறுக்கன் இனிமே வரமாட்டான். சுத்தமா அழிச்சாச்சு."

"இன்னொரு தடவ போடுங்க."

போட்டார். மூன்றாவது தடவையும் போட்டார். தண்ணீர் மட்டும்தான்.

"பழசு வேற எங்கயாச்சும் இருக்கா?"

"அது மேலதானக்கா பதிஞ்சேன். இருந்தது அது ஒண்ணுதான். விடுங்க, அந்தக் குப்பைய வச்சு என்ன செய்யப் போறீங்க?"

அகதா ஸ்பீக்கரை ஒட்டிவைத்த காதை எடுக்கவில்லை.

"எங்க வீட்டுக்காரரு குரல் அதுல மட்டுந்தான் தம்பி இருந்துச்சு."