ஒன்பதரை விரல்

"தோட்ட நிகழ்ச்சியில தாத்தா முழு ஆளாத் தெரியும்போது பத்து விரல். கையை மட்டும் கிட்டத்துல காட்டும்போது ஒன்பதரை. இது என்ன மாயம், தோழர்?"

கேட்டவர் ஷிம்கோ. பிராத்திஸ்லாவாவின் அந்தத் தொலைக்காட்சி நிலையத்துக்குத் தலைவராக வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. எதிரே அமர்ந்திருந்த இயக்குநர் லுதோவித் சிரிக்கவில்லை. மேலங்கிப் பையிலிருந்து இடக்கையை எடுக்கவும் இல்லை.

"பெரியவருக்குக் கை நடுங்குது, தோழர். விதை தொட்டியில விழாம மேசையில விழுது. அதனால கிட்டக் காட்சிக்கு மட்டும் வேற ஆள் கை."

"விரல் முழுசா இருக்கிற ஆளா பார்க்கக் கூடாதா? நம்ம ஒளிபரப்பு எல்லைக்கு அந்தப் பக்கம் வியன்னா வரைக்கும் எடுக்குதாம். சோசலிச நாட்டுல விரலுக்கும் தட்டுப்பாடுன்னு அவங்க சிரிக்கவா?"

"கவனிச்சுக்கிறேன்."

"வேண்டாம். இனி அது உங்க கவலை இல்லை."

ஷிம்கோ இழுப்பறையைத் திறந்து, பழுப்பேறிய தாள்கட்டு ஒன்றை மேசைமேல் வைத்தார். லுதோவித்தின் திரைக்கதை, வாஹ் ஆற்றுத் தெப்பக்காரர்களைப் பற்றியது. ஒன்பது ஆண்டுகளுக்கு முன், படப்பிடிப்பு தொடங்கவிருந்த வாரத்தில் நிறுத்தப்பட்டது. அதற்கு ஈடாக அவருக்குக் கொடுக்கப்பட்டது, ஞாயிற்றுக்கிழமைத் தோட்டக்கலை நிகழ்ச்சி. ஆயினும் முதல் காட்சி ஒவ்வொரு காலையிலும் அவரோடுதான் கண் விழித்தது: மூடுபனிக்குள்ளிருந்து ஒரு தெப்பத்தின் முனை மட்டும் வெளியே வரும்.

"மேலிடம் சம்மதிச்சாச்சு. அறுபத்தெட்டுல உங்க வீட்டம்மா எல்லை தாண்டினதை இனி யாரும் கிளற மாட்டாங்க. அடுத்த மாசம் மலைக்குக் கிளம்புங்க. முழுசா ஒரு வருஷ வேலை."

லுதோவித் முதல் தாளின் ஓரத்தில் தாம் வரைந்திருந்த தெப்பத்தை வலக்கையால் தடவிப் பார்த்தார்.

"ஞாயித்துக்கிழமை மட்டும் இங்க வந்து தோட்டத்தை எடுத்துட்டுப் போகலாமா?"

"விளையாடுறீங்களா? தக்காளிக்கு வேற இயக்குநர் போட்டாச்சு. கையையும் மாத்தச் சொல்லிட்டேன்."

லுதோவித் அந்தத் தாளிலிருந்து கையை எடுத்தார்.

"அப்போ படத்தை வேற யாராவது எடுக்கட்டும், தோழர். தோட்டம் என்கிட்டயே இருக்கட்டும். அந்தக் கையும் இருக்கட்டும்."

ஷிம்கோ நாற்காலியில் நிமிர்ந்தார். "இந்தப் படத்துக்காக நீங்க ஏறி இறங்காத படி இல்லைன்னு சொன்னாங்க. வெங்காய நாத்துக்காக அதை விடுறீங்களா? யாருங்க பார்க்கிறா அந்த நிகழ்ச்சியை?"

"தெரியல. ஒன்பது வருஷமா எனக்கும் அதுதான் தெரியல."

லுதோவித் தாள்களைச் சீராக அடுக்கினார். அதற்கு இரண்டு கைகளும் வேண்டியிருந்தன. இடக்கைச் சுட்டுவிரல் பாதியில் முடிந்திருந்தது.

ஷிம்கோ அந்த விரலைப் பார்த்தார். பிறகு ஜன்னலுக்கு வெளியே, ஆற்றுக்கு அப்பால் எல்லைப் பக்கம் பார்த்தார். தாள்கட்டை மீண்டும் இழுப்பறைக்குள் வைத்து மூடினார்.

"வர்ற ஞாயித்துக்கிழமை என்ன நடுறீங்க?"

"வெங்காயம்தான், தோழர்."

தாய் தூக்கிக்கொண்டு எல்லையைக் கடந்தபோது லுதோவித்தின் மகளுக்கு இரண்டு வயது. அப்பாவின் முகம் அவளுக்கு நினைவிருக்க வழியில்லை. ஆனால் அவள் நடை பழகியது, அந்த அரைவிரலைப் பிடித்துக்கொண்டுதான்.