மடிக்கல்

மிதப்புக் கச்சை கட்டிப் பாறை சுமப்பவர்கள், பாறையை இறக்குமுன் மடியில் கல் கட்டிக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் கச்சை ஆளையே மேலே தூக்கிவிடும். மாசாணம் அவசரத்தில் பாறையை முதலில் விட்டுவிட்டான். இரண்டு நாளாக நாலு பனை உயரத்தில், அந்தரத்தில் நிற்கிறான். உயிர் இருக்கிறது, இருமல் கேட்கிறது.

"கயிறு அம்புட்டு தூரம் எட்டாது. போய் வேலையப் பாரு" என்றார் மேஸ்திரி.

"எட்டுதா இல்லையான்னு நான் பாத்துக்கிறேன். நீங்க வாய மூடிட்டுக் கயித்தப் பிடிங்க" என்றாள் அவன் மனைவி செங்காணி.

அவளும் ஒரு கச்சையைக் கட்டி, இடுப்பில் கயிற்றை முடிந்துகொண்டு, மடிக்கற்களை ஒவ்வொன்றாகக் கீழே போட்டாள். போடப் போட மேலே ஏறினாள். கயிறு விறைத்து நின்றபோது, நீட்டிய கைக்கு ஒரு முழம் மேலே அவன் பாதம் இருந்தது.

"போதும் புள்ள, எறங்கிடு" என்று முனகினான்.

"ரெண்டு நாளா சோறு திங்காதவன் பேச்ச எவ கேப்பா?"

கயிற்றை இடக்கையில் இறுக்கிச் சுற்றிக்கொண்டு இடுப்பு முடிச்சை அவிழ்த்தாள். கீழே யாரோ அலறினார்கள். கயிற்றின் நுனியைத் தன் கணுக்காலில் கட்டி, இழுத்துப் பார்த்து, கையை விட்டாள். இடுப்புயரம் மேலே எழும்பினாள்.

"இப்ப கால நீட்டுய்யா."