நடுக் கதிரையில் மாமா

“கோமதிக்குத் தோட்டத்துப் பள்ளிக்கூட வாத்தியாரு வேணாம்னு மூஞ்சில அடிச்ச மாதிரி சொன்னீங்க. இப்ப என்னா திடீர்னு அவரோடயே நிச்சயதார்த்தம்?” என்று கணவர் அழகமுத்துவிடம் கேட்டாள் இராஜேஸ்வரி.

“அடியே, பையனோட தாய்மாமன் கெம்பஸ்ல பேராசிரியராம். நம்ம கோமதி விரிவுரையாளர் இன்டர்வியூவுக்குப் போறாள்ல? அங்க இன்டர்வியூ நடத்துறவங்கள்ல நடுக் கதிரையில உக்கார்றதே அவருதானாம். கோமதிதான் சொல்லிச்சு. சொந்தமாயிட்டா அவரு கேள்வியா கேக்கப் போறாரு?”

அடுத்த ஞாயிறே நிச்சயதார்த்தம் தடபுடலாக நடந்தது. மாமாவின் இலையில் மட்டும் அழகமுத்து வடைக்கு மேல் வடையாக அடுக்கினார்.

முடிவு வந்த அன்று கோமதி அப்பாவின் கடைக்குள் துள்ளிக்கொண்டு ஓடி வந்தாள்.

“அப்பா, வேலை கெடச்சிருச்சு! எல்லார் புள்ளியும் போர்ட்ல போட்டிருக்காங்க. நான்தான் முதலாவது!”

“மாமான்னா மாமாதான்!” அழகமுத்து கல்லாவைத் தட்டித் தாளம் போட்டார்.

“அவரு உள்ளேயே இல்லப்பா. சொந்தக்காரங்க இன்டர்வியூவுக்கு வந்தா எழுதிக் குடுத்துட்டு வெளிய போயிறணும். அதான் சட்டம்.”

“அட கடவுளே, அத்தனை வடையும் வீணா! இந்தச் சட்டம் ஒனக்கு எப்ப தெரியும்?”

“விண்ணப்பம் போடுறப்பவே தெரியும்.”

“பெறகு எதுக்கு புள்ள மாமா கதைய என்கிட்ட சொன்ன?”

கோமதி வெட்கத்தோடு சிரித்தாள்.

“வேலைய நானே வாங்கிக்குவேன்ப்பா. மாப்பிள்ளைக்குத்தான் சிபாரிசு தேவப்பட்டுச்சு.”