புறவாசல் சிரட்டை

"சோணைமுத்து, உள்ளதான இருக்க? செத்த வெளிய வாப்பா."

பால்சாமி தெருவில் நின்றபடியே கூப்பிட்டார். முப்பது வருசமாக அவர் வாயில் வந்ததெல்லாம் "ஏலே சோணை"தான். இன்றைக்கு முழுப்பேரும் வந்தது, கூடவே ஒரு 'அப்பா'வும் வந்தது. காரியம் ஆக வேண்டுமே!

சோணைமுத்து தோள் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டே வந்தார். "ஆள் விட்டிருந்தா நானே வந்திருப்பேனே மொதலாளி."

"இதுல ஒரு கையெழுத்துப் போடணும். 'எங்க ஊர்ல சாதி வித்தியாசம் கெடையாது, எல்லாரும் ஒரே தம்ளர்லதான் தண்ணி குடிக்கிறோம்'னு எழுதியிருக்கு. அம்புட்டுத்தான்."

சோணைமுத்து காகிதத்தைப் பார்த்தார். கை நீட்டவில்லை.

ஊர்க் குதிரைவாலி நாலு வருசமாக ஜெர்மனிக்குப் போய்க்கொண்டிருந்தது. உழவர் சங்கத் தலைவர் என்ற முறையில் பால்சாமிதான் லோடு ஏற்றிவிடுவார். இந்த வருசம் அடி விழுந்தது. மூட்டை அடுக்கும் கிட்டங்கிச் சுவரில், தானியத்தை வாங்கி அனுப்பும் கம்பெனி ஒட்டியிருந்த புகார் நம்பருக்கு யாரோ ஒரு படத்தை அனுப்பிவிட்டார்கள். பால்சாமி வீட்டுப் புறவாசல்தான் படம். தண்ணீர்ப் பானை, பக்கத்தில் மாட்டுக் கொட்டகைக் கூரையில் செருகிய சிரட்டை. வேலையாட்கள் பானையைத் தொடக்கூடாது. வீட்டு ஆள் வந்து சிரட்டையில் ஊற்றினால்தான் தண்ணீர். அந்த வழக்கம் ஒழிகிறவரை இந்த ஊர்த் தானியம் வேண்டாம் என்று ஜெர்மனிக்காரர்கள் எழுதிவிட்டார்கள். மூட்டைகள் தேங்கிக் கிடக்க, ஊரே பால்சாமியை வைதது.

"கம்பெனி நாகராஜ் போன்ல சொன்னாப்ல. தென்னாப்பிரிக்காவுல கறுப்பு ஆளுகளை ஒதுக்கி வச்ச கவர்மெண்டுகிட்ட மத்த நாடெல்லாம் யாவாரம் கெடையாதுன்னு நின்னாகளாம். அதுல மொதல்ல காஞ்சது யாரு வயிறு? அந்தக் கறுப்பு ஆளுக வயிறுதான். இங்கயும் அதே கததான். மூட்டை நகரலேன்னா ஒங்க ஆளுகளுக்குத்தான் வேலை இல்ல."

"அப்புறம் அந்தக் கவர்மெண்டு என்னாச்சு மொதலாளி?"

பால்சாமி அதை நாகராஜிடம் கேட்டுக்கொள்ளவில்லை.

"வயிறு காயிறது எங்களுக்குப் புதுசு இல்ல. அவதான் தாகத்தோட போயிட்டா." சோணைமுத்து திறந்த கதவு வழியே வீட்டுச் சுவரைத் திரும்பிப் பார்த்தார். அவர் பெண்டாட்டி முத்துப்பேச்சியின் படத்தில் மாலை காய்ந்து தொங்கியது.

"அவ வெயில்ல போனா. டாக்டரே சொன்னாரு."

"பானை நெறையாத் தண்ணி இருந்துச்சு. பக்கத்துலதான் கெடந்தா."

பால்சாமிக்கு அந்த நாள் நினைவுக்கு வந்தது. சித்திரை வெயிலில் இவர் காட்டில் காய்ந்த பருத்திமார் பிடுங்கிக்கொண்டிருந்தவள் அன்றைக்குப் புறவாசலுக்கு வந்து, "அம்மா, தண்ணி ஊத்துங்க" என்றாள். இவர் பெண்டாட்டி தங்கத்தாய் சொம்பை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். சாப்பிட்டுக்கொண்டிருந்த இவர்தான், "ரசத்தை ஊத்திட்டுப் போ, அவ எங்க ஓடிறப் போறா" என்றார். கை கழுவி எழுவதற்குள் முத்துப்பேச்சி விழுந்துவிட்டாள். வீட்டில் இருந்தது புருசன் பெண்டாட்டி இருவர் மட்டும். தங்கத்தாய் அன்றைக்கு அழுததோடு சரி, அப்புறம் அதைப் பற்றி வாய் திறக்கவில்லை. பேரனைப் பார்க்க மகன் வாங்கித் தந்த போனும் கையுமாகக் கிடக்கிறாள். இன்று இவர் கிளம்பும்போதுகூடத் தலை நிமிரவில்லை.

நெஞ்சு கனத்ததும் பால்சாமிக்குக் கோபம்தான் வந்தது.

"அதுக்குன்னு ஊர்ச் சோத்துல மண்ணள்ளிப் போடுவீகளா? இந்தப் படத்தை எடுத்தது ஒங்க ஆளுகதானலே?" கம்பெனி அனுப்பியிருந்த படத்தைப் போனில் எட்ட நின்றே காட்டினார்.

சோணைமுத்து கண்ணைச் சுருக்கி வெகுநேரம் பார்த்தார்.

"எங்க ஆளுக யாரும் இதை எடுத்திருக்கவே முடியாது மொதலாளி."

"அதெப்படி அடிச்சுச் சொல்ற?"

"ரெண்டு ஓரத்துலயும் கறுப்பாத் தெரியுதே, அது ஒங்க அடுப்படி ஜன்னல் கம்பி. உள்ள நின்னு எடுத்திருக்காக. எங்களை என்னைக்கு நீங்க உள்ள விட்டிருக்கீக?"

பால்சாமி படத்தைப் பெரிதாக்கினார். இத்தனை நாளும் எடுத்தவன் விரல் மறைத்திருக்கிறது என்று நினைத்தது கம்பிதான். அந்தக் கம்பியில், தங்கத்தாய் தவிர வேறு யாரும் தொடாத ரசக் கரண்டி தொங்கிக்கொண்டிருந்தது.